நான்கு விரல் உயரம்

எங்கள் வீட்டில் ஒரு படம் எடுத்தார்கள். உடனே பெரிதாக எதையும் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். பாட்டு கிடையாது, சண்டை கிடையாது, பெயர் சொன்னால் தெரிகிற நடிகர் ஒருவரும் கிடையாது. படம் வந்ததும் யாருக்கும் தெரியாது, போனதும் தெரியாது. அதைப் பார்த்தவர்கள் அத்தனை பேரையும் ஒரே பஸ்ஸில் ஏற்றினாலும் பாதி சீட் காலியாகத்தான் இருக்கும். ஆனால் அதில் வருகிற படுக்கையறை என்னுடையது. அதில் வருகிற மானக்கேடும் என்னுடையதுதான்.

நான் தையல் வேலை செய்கிறவள். புதுத் துணி தைப்பதில்லை. பேன்ட் நீளம் குறைப்பது, ஜிப் மாற்றுவது, இளைத்தவர்களுக்குப் பிடித்துத் தைப்பது, பெருத்தவர்களுக்குப் பிரித்து விடுவது, இதுதான் பிழைப்பு. என் வீட்டுக்காரர் லிஃப்ட் மெக்கானிக். ஊரில் உள்ள உயரமான கட்டடங்களின் லிஃப்டுகளில் பாதி அவர் கைபட்டுத்தான் ஏறி இறங்கின. நாங்கள் குடியிருப்பதோ லிஃப்ட் இல்லாத கட்டடத்தில் மூன்றாவது மாடி. இதைச் சொல்லிச் சிரிக்காத சொந்தக்காரர் கிடையாது. அவரும் கூடச் சேர்ந்து சிரிப்பார். பேச்சுதான் வராது மனுஷனுக்கு, சிரிப்பு வரும்.

மகளைக் கட்டிக்கொடுத்த அடுத்த வருஷம், லிஃப்ட் மோட்டார் ஒன்றைத் தூக்கப்போய் அவருக்கு இடுப்புப் பிடித்துக்கொண்டது. வில்லாக வளைந்து வீட்டுக்கு வந்தார். டாக்டர் ஊசி போட்டுவிட்டு, "மெத்தையே கூடாது. மூணு மாசம் வெறும் பலகையில படுங்க" என்றார். எங்களிடம் இருந்தது பெரிய கட்டில், ரெண்டு பேர் படுப்பது, மெத்தை போட்டது. அந்த அறையில் இன்னொன்றைப் போட இடம் கிடையாது. என் கொழுந்தனார் புது வீடு போயிருந்த சமயம். "மூணு மாசம் உங்க வீட்டுல கிடக்கட்டும்" என்று பெரிய கட்டிலை அவரிடம் கொடுத்தோம். இவருக்குப் பலகைக் கட்டில் ஒன்று செய்தோம். எனக்கு ஒற்றை இரும்புக் கட்டில். இவர் கட்டில் என்னுடையதைவிட நான்கு விரல் உயரம்.

மூன்று மாதம் ஆயிற்று. இடுப்பு சரியாயிற்று. பழையபடி வேலைக்குப் போனார். கட்டிலைத் திரும்பக் கொண்டுவரலாம் என்று அவர் சொல்வார் என்று நான் இருந்தேன். அவர் சொல்லவில்லை. நானாகப் போய் எப்படிச் சொல்வது? சொன்னால் அதற்கு என்ன அர்த்தம்? மகளைக் கட்டிக்கொடுத்த வயதில் இவளுக்கு என்ன கேடு என்று நினைத்துவிட்டால்? இடுப்பு வலிக்கிறவரைப் போட்டு இம்சை பண்ணுகிறவள் என்று ஆகிவிட்டால்? வாயை மூடிக்கொண்டு இருந்தேன். கொழுந்தனார் பிள்ளைகள் அந்தக் கட்டிலில் ஏறிக் குதித்து அதன் காலையே உடைத்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்ட அன்று, அழுகை வந்தது. வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்ததால் தப்பித்தேன்.

கூடத்தில் வெளிச்சம் போதவில்லை என்று தையல் மிஷினை அறை ஜன்னலோரம் கொண்டுவந்ததும் அந்தச் சமயம்தான். இரண்டு கட்டிலுக்கும் நடுவில்தான் இடம் இருந்தது. அங்கேயே நின்றுவிட்டது. நான் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுப்பேன். அவர் அந்தப் பக்கம் படுப்பார். நடுவில் மிஷின், மல்லாந்து கிடக்கிற யாரோ ஒருத்தருடைய பேன்ட்.

சண்டை இல்லை. வேறு பெண் இல்லை, குடி இல்லை. சண்டை இருந்தால்கூட சமாதானம் என்று ஒன்று வரும். எங்களுக்கு அதற்கும் வழி இல்லை. "சாப்பாடு எடுத்து வைக்கட்டுமா?" "வை." "கரன்ட் பில் வந்திருக்கு." "பார்த்தேன்." இப்படியே வருஷங்கள் போயின. இந்த அழகில் என் போர்வை வேறு ஒரு தொல்லை கொடுத்தது. அதன் ஒரு மூலை மட்டும் தையல் விட்டுவிட்டுப் போகும். நானும் ஓரம் அடித்து அடித்துப் பார்த்தேன், நின்றபாடில்லை. மட்ட நூலைத் தலையில் கட்டிவிட்டான் என்று நூல் கடைக்காரனை வாய்க்கு வந்தபடி திட்டியிருக்கிறேன்.

அப்போதுதான் குல்லா வந்தான். சின்ன வயசுப் பையன். வேர்த்து ஊற்றினாலும் தலையில் கம்பளிக் குல்லாவைக் கழற்ற மாட்டான். பேன்ட்டைச் சின்னதாக்க வந்தவன், நான் அளவு எடுக்கும்போது திறந்திருந்த கதவு வழியாக அறையையே பார்த்துக்கொண்டிருந்தான். எனக்கு மூக்குக்கு மேல் கோபம் வந்தது.

"என்னப்பா, அடுத்தவங்க ரூம்ல என்ன பார்வை?"

"தப்பா நினைக்காதீங்கக்கா. நான் படம் எடுக்கிறவன். ஒரு படத்துக்கு வீடு தேடிட்டு இருக்கேன். அந்த ரெண்டு கட்டிலு, நடுவுல மிஷினு... யாருக்கா இப்படிப் போட்டது?"

அளவு டேப்பைச் சுருட்டினேன். "யாரு போட்டா உனக்கு என்ன? வெளிச்சத்துக்காகப் போட்டது."

"செட் போட்டா இப்படி வரவே வராதுக்கா."

"என்ன கதை உன் படம்?"

"கதைன்னு பெருசா ஒண்ணும் இல்லக்கா. ஒரு புருஷன், ஒரு பொண்டாட்டி, ஒரு வீடு. அவங்க யார்கிட்டயும் பழகறதில்ல. ரெண்டு பேரும் ஒருத்தரை ஒருத்தர் தொடறதும் இல்ல."

"ஏன் தொடறதில்ல?"

"அதுதான் அவங்களுக்கே தெரியாது."

"தெரியாததை நீ எப்படிப் படம் எடுப்ப? போய்யா, போய் வேற வீடு பாரு" என்று அனுப்பிவைத்தேன். கீழே போகிறவனை மாடிப்படியில் இவர் மடக்கியிருக்கிறார். என்ன ஏது என்று விசாரித்திருக்கிறார். என்னை ஒரு வார்த்தை கேட்காமல் சரி என்று சொல்லிவிட்டார்! சோப்பு வாங்குவதற்குக்கூட என் முகத்தைப் பார்க்கிற மனுஷன். "ஏங்க, உங்களுக்கு என்ன புத்தி கெட்டுப் போச்சா? நம்ம ரூமைப் போயி..." என்றேன். "இருக்கட்டுமே. பாவம், சின்னப் பையன்" என்றார். அதற்கு மேல் அவர் வாயைப் பிடுங்க முடியாது.

வந்தார்கள். வயர், விளக்கு, கறுப்புத் துணி, தரையெல்லாம் ஒட்டுகிற பட்டி. என் சமையலறையில் எனக்கே நிற்க இடமில்லை. பகலில் படம் பிடித்துவிட்டு சாயங்காலம் போய்விடுவார்கள். போகும்போது சாமான்களை ஒரு நூல் நகர்த்தாமல் வைத்துவிட்டுப் போவார்கள், மறுநாள் அப்படியே வேண்டுமாம். மனைவியாக நடித்த பெண்ணுக்கு என் மகள் வயதுதான் இருக்கும். தலையில் வெள்ளை தடவி வயதாக்கியிருந்தார்கள். புருஷனாக நடித்தவனுக்கு நெஞ்சு வரை தாடி, அதையும் நரைக்க வைத்திருந்தார்கள். நல்ல பிள்ளைகள்தான். ஆனால் விளக்குக்காரன் இன்னொருத்தனிடம், "இந்த ரெண்டு கட்டில் ஐடியா செமயா இருக்குல்ல?" என்றபோது எனக்கு நடுத்தெருவில் நிற்கிற மாதிரி இருந்தது. ஐடியாவாம்!

அந்தப் பெண் ஒருநாள் மிஷின் பக்கத்தில் உட்கார்ந்து, "அக்கா, நீங்க எந்தப் பக்கம் திரும்பிப் படுப்பீங்க?" என்று கேட்டாள்.

"சுவத்துப் பக்கம்."

"தூக்கம் வரலைன்னா?"

"வந்த மாதிரி படுத்துக்க வேண்டியதுதான்."

"அது எப்படிக்கா?"

"மூச்சை இழுத்து மெதுவா விடணும். கண்ணு திறந்திருக்கலாம், அது சுவத்துக்கு மட்டும்தானே தெரியும்."

அவள் சிரிக்கவில்லை. என் கையைப் பிடித்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தாள். அந்த நேரம் பால்கனியில் இவரும் தாடியும் நின்று பேசிக்கொண்டிருந்தார்கள். இவர் பேசிக்கொண்டிருந்தார், அதுதான் அதிசயம். கையை நீட்டி நீட்டி ஏதோ காட்டினார். லிஃப்ட் பற்றி அளக்கிறார் என்று நினைத்துக்கொண்டேன். கேட்கிறதுக்கு ஒரு ஆள் கிடைத்துவிட்டால் விடுவாரா?

கடைசி நாள் காட்சி, கட்டில்களைச் சேர்த்துப் போடுகிற காட்சி. மிஷினைச் சுவரோரம் நகர்த்திவிட்டு இரண்டையும் ஒட்டினார்கள். என் கட்டில் தாழ்ந்து நின்றது. படத்தில் அசிங்கமாகத் தெரியும் என்றான் குல்லா. அவர்களுடைய தச்சர் நான்கு மரக்கட்டைகளை அறுத்து என் கட்டில் கால்களுக்கு முட்டுக் கொடுத்தார். அப்படியும் ஆடியது. அதுவரை வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்த என் வீட்டுக்காரர் தன் வேலைப் பையிலிருந்து மட்டம் பார்க்கிற ரசமட்டத்தை எடுத்துக்கொண்டு வந்து தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்துவிட்டார்.

"இந்தக் கால் ஒரு நூல் ஏறியிருக்கு பாருங்க. இழைச்சு விடுங்க" என்றார் தச்சரிடம்.

"இது போதும் சார், ஒரு ஷாட்தானே."

"அதெப்படிப் போதும்? லிஃப்ட் வந்து நிக்கறப்போ அதுவும் தரையும் ஒண்ணா இருக்கணும். கொஞ்சம் ஏறி இருந்தாலும் கால் தடுக்கும்."

இழைத்து இழைத்து வைத்தார்கள். ரசமட்டத்தின் குமிழி நடுவில் வந்து நின்றதும், இவர் தன் கட்டிலிலிருந்து என் கட்டில் வரைக்கும் உள்ளங்கையால் தடவிப் பார்த்தார். இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம், அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம். அந்தக் கையைப் பார்த்து எனக்கு என்னவோ செய்தது. வேலைக்காரர் வேலையைப் பார்க்கிறார், உனக்கென்னடி என்று என்னை நானே அதட்டிக்கொண்டு டீ போடப் போனேன்.

காட்சியை அவர்களுடைய சின்ன டிவிப் பெட்டியில் பார்க்கச் சொன்னான் குல்லா. அந்தப் பெண் தாடியின் தோளில் தலை வைத்துக்கொண்டாள். அவன் அவள் தலையைத் தடவினான். அவ்வளவுதான். குல்லா போதும் என்றதும் இரண்டு பேரும் எழுந்து ஆளுக்கொரு மூலையில் செல்போனை நோண்டப் போய்விட்டார்கள். ஒரு நிமிஷத்தில் முடிகிற காரியத்தைத்தானே இத்தனை வருஷமாக முடியாமல் வைத்திருக்கிறோம்!

நான் மகளிடம் போனில் பேசிவிட்டு, கீழே போய் மாவு பாக்கெட் வாங்கிவந்தேன். வருவதற்குள் அவர்கள் மூட்டை கட்டிக் கிளம்பிவிட்டார்கள். இவரையும் காணோம். வீடு ஈ காக்காய் இல்லாமல் கிடந்தது. அறைக்குள் போனால், மிஷின் சுவரோரமே நிற்கிறது. கட்டில்கள் சேர்ந்தே கிடக்கின்றன, கட்டைகளோடு.

தினமும் ஒரு நூல் நகராமல் வைத்தவர்கள், கடைசி நாள் என்றதும் போட்டது போட்டபடி ஓடிவிட்டார்கள் என்று திட்டினேன். பிறகு பயம் வந்தது. இவர் வந்து பார்த்தால்? அவர்கள் மறந்துவிட்டுப் போனார்கள் என்றா நினைப்பார்? இவள்தான் சொல்லி அப்படியே விட வைத்திருக்கிறாள் என்றுதான் நினைப்பார். சரி, நினைக்கட்டுமே என்று ஒரு மனசு சொன்னது. பொய் சொல்வானேன், கட்டில் ஓரத்தில் கொஞ்ச நேரம் உட்கார்ந்தும் பார்த்தேன். அவர் வந்து பார்த்துவிட்டு, ஒன்றும் சொல்லாமல், தானே குனிந்து தன் கட்டிலை இழுத்துப் பிரித்துப் போட்டால் என் முகத்தை எங்கே கொண்டுபோய் வைப்பேன்? அதை மட்டும் தாங்க முடியாது. எழுந்தேன். ஒவ்வொரு மூலையாகத் தூக்கிக் காலால் கட்டையை உதைத்துத் தள்ளினேன். கட்டில்களைப் பிரித்தேன். மிஷினை இழுத்து நடுவில் வைத்தேன். கட்டைகளைப் பால்கனியில் குப்பைக் கூடைக்குப் பக்கத்தில் போட்டேன்.

விளக்குப் போடுகிற நேரத்துக்கு அவர் வந்தார். தலை சீவியிருந்தார். அக்குளில் ஒரு துணிக்கடைப் பை. அறை வாசலில் அப்படியே நின்றுவிட்டார்.

"எல்லாரும் போயிட்டாங்களா?"

"போயிட்டாங்க. ஒரு பொறுப்பு இருக்கா அந்தப் பசங்களுக்கு? கட்டிலை எல்லாம் சேர்த்துப் போட்டது போட்டபடி விட்டுட்டுப் போயிட்டானுங்க. நான்தான் தனியாளா எல்லாத்தையும் பழையபடி எடுத்து வச்சேன்."

"ம்."

"என்ன பை அது?"

"ஒண்ணும் இல்ல. சும்மா வாங்கினேன்."

பையைப் பீரோ மேலே தூக்கிப் போட்டார். கை கால் கழுவப் போனவர் குழாயைத் திறந்துவிட்டு வெகுநேரம் உள்ளேயே இருந்தார். சாப்பிடக் கூப்பிட்டால் பசியில்லை என்றார். வேலை அலுப்பு என்று நினைத்தேன். அப்படி நினைத்துக்கொள்வதுதான் எனக்குப் பழகியிருந்தது.

அதற்கப்புறம் இரண்டு வருஷம். அவர் வேலையிலிருந்து ஓய்வு பெற்றார். ஒருநாள் குல்லா போன் பண்ணினான். படம் முடிந்துவிட்டதாம், எந்தத் தியேட்டரும் எடுக்கவில்லையாம், ஒரு சின்ன ஹாலில் மத்தியான நேரம் போடுகிறானாம். "நீங்களும் சாரும் கண்டிப்பா வரணும்க்கா." இவரைக் கூப்பிட்டேன். "நீ போயிட்டு வா. எனக்கு இருட்டுல உட்கார்ந்தா தலை வலிக்கும்" என்றார். வாழ்நாளில் பாதியை லிஃப்ட் குழிக்குள் இருட்டில் கழித்தவர் சொல்கிற சாக்கு!

தனியாகப் போனேன். பத்து இருபது பேர் இருந்தார்கள். அதில் ஒருத்தர் குறட்டை விட்டார். திரையில் என் ஜன்னல் வந்தது, என் மிஷின் வந்தது, என் சுவர் வந்தது. அந்தப் பெண் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்து, மூச்சை இழுத்து மெதுவாக விட்டாள். கண் திறந்திருந்தது. நான் சொல்லிக்கொடுத்ததை அப்படியே செய்தாள். நன்றாகத்தான் செய்தாள், பார்க்கத்தான் முடியவில்லை.

கேமரா மெதுவாக அந்தப் பக்கம் போனது. தாடி படுத்திருக்கிறான். அவனும் தூங்கவில்லை. இவள் பக்கமாகத்தான் திரும்பியிருக்கிறான். கொஞ்ச நேரம் கழித்து அவன் கையை நீட்டினான். மிஷின் மேசைக்கு அடியில், மிதிக்கிற பலகைக்கு மேலே, கை மெல்ல இந்தப் பக்கம் வந்தது. கட்டிலிலிருந்து தொங்கிய அவளுடைய போர்வையின் மூலையை இரண்டு விரலால் பிடித்தது. இழுக்கவில்லை. சும்மா பிடித்துக்கொண்டு, கட்டை விரலால் அந்த ஓரத்தைத் தேய்த்துத் தேய்த்துக்கொண்டே இருந்தது. அவள் அசைந்ததும் கை திரும்பிப் போய்விட்டது. படம் முடிந்தது.

என் போர்வையின் தையல் விட்ட மூலை எனக்கு ஞாபகம் வந்தது. விளக்கைப் போட்டும் நான் எழுந்திருக்கவில்லை. குல்லா வந்து பக்கத்தில் உட்கார்ந்தான்.

"பிடிச்சிருந்துச்சாக்கா?"

"அந்தக் கை... அந்தப் போர்வை... அதை யாருப்பா எழுதினது?"

"அது நான் எழுதினதே இல்லக்கா. சார்தான் புருஷனா நடிச்சவன்கிட்ட பால்கனியில சொல்லிக் குடுத்தாரு. 'தூக்கம் வரலைன்னா இப்படிப் பண்ணுவான் அந்த ஆளு'ன்னு சொன்னாராம்."

"கட்டிலைச் சேர்த்துப் போட்டு எடுத்தியே, அது எங்க?"

"வெட்டிட்டேன்க்கா. எடுத்துப் பார்த்தா பொய்யா இருந்துச்சு. அவங்களால அது முடியாதுன்னு தோணிச்சு." சிரித்தான். "ஆனா உங்க வீட்டுல அது நிஜமாயிடுச்சுல்ல? நாங்க அன்னைக்கு எல்லாத்தையும் பழையபடி வைக்கப் போனோம். சார்தான் தடுத்தாரு. 'இதை இப்படியே விட்டுட்டுப் போங்க தம்பி. நீங்க மறந்துட்டுப் போன மாதிரி இருக்கட்டும்'னாரு. கெஞ்சினாருக்கா."

எப்படி வீட்டுக்கு வந்தேன் என்று தெரியாது. மூன்று மாடியும் ஒரே மூச்சில் ஏறியிருக்கிறேன். இவர் கூடத்தில் உட்கார்ந்து பழைய ரேடியோவைப் பிரித்துப் போட்டிருந்தார். என் முகத்தைப் பார்த்ததும் எல்லாம் தெரிந்துவிட்டது அவருக்கு. திருகாணிகளைப் பொறுக்க ஆரம்பித்தார்.

"உங்க வாய்ல என்ன பூட்டா போட்டிருந்தது? ஊரான் வீட்டுப் பையன்கிட்டக் கெஞ்சத் தெரியுது, என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லத் தெரியாதா?" என்று கத்தினேன். கத்த ஆரம்பித்தவள் அழுகையில் முடித்தேன்.

அவர் பொறுக்கின திருகாணிகளை ஒரு டப்பாவில் போட்டார். பிறகு, "நீ சுவத்தைப் பார்த்து நல்லாத் தூங்கினியே. எழுப்ப வேணாம்னு இருந்தேன்" என்றார்.

நல்லாத் தூங்கினேனாம்! அந்தப் பாவி மனுஷனை என்ன சொல்லித் திட்டுவது?

"அன்னைக்குப் பிரிச்சுப் போட்டுட்டேனே, அப்பவாவது கேட்டிருக்கலாமில்ல?"

"பிடிக்காமத்தான் பிரிச்சிருப்பன்னு நினைச்சேன்."

"அந்தக் கட்டைங்க இருந்தா இப்ப போட்டிருக்கலாம். நான் குப்பையில போட்டேன்."

அவர் எழுந்து போய் ஸ்டூல் போட்டுப் பீரோ மேலிருந்து பையை எடுத்தார். உள்ளே நான்கு கட்டைகளும் இருந்தன, குப்பைக் கூடையிலிருந்து எடுத்துத் துடைத்து வைத்தவை. அவற்றுக்கு அடியில் ஒரு படுக்கை விரிப்பு. நான் தையல்காரி, பிரிக்காமலே அகலம் தெரியும் எனக்கு. இரட்டைக் கட்டிலுக்கானது. மடித்த இடமெல்லாம் பழுப்பேறியிருந்தது. அன்றைக்குத் தலை சீவிக்கொண்டு வந்த முகம் அப்போதுதான் எனக்குப் புரிந்தது.

மிஷினை நகர்த்தினோம். "நான் தூக்கறேன், நீ கட்டையை வை" என்றார். "வேணாங்க, உங்க இடுப்பு" என்றேன். "ஒவ்வொரு மூலையாத்தானே" என்றார். புது மாப்பிள்ளை மாதிரி அப்படி ஒரு அவசரம். முதல் மூலை ஆயிற்று. இரண்டாவது ஆயிற்று. மூன்றாவதில், "அம்மா" என்று ஒரு சத்தம். அப்படியே கட்டிலைப் பிடித்துக்கொண்டு மடங்கினார்.

மேல்வீட்டு டிரைவர் ஓடிவந்து தூக்கிப் பலகைக் கட்டிலில் படுக்க வைத்தார். ஒரு பக்கம் ஏறியும் மறுபக்கம் இறங்கியும் நின்ற என் கட்டிலைப் பார்த்து, "என்ன அண்ணே, இந்த வயசுல கட்டிலோட என்ன சண்டை?" என்றார். நாங்கள் இரண்டு பேரும் அவர் முகத்தைப் பார்க்கவில்லை.

மறுநாள் அதே பழைய டாக்டர் வீட்டுக்கு வந்தார். அவருக்கும் வயதாகிவிட்டிருந்தது. ஊசி போட்டுவிட்டு அதே வார்த்தையைச் சொன்னார். "மெத்தையே கூடாது. மூணு மாசம் வெறும் பலகையில படுங்க."

வாசல் வரை கூடப் போனேன். வெட்கத்தை எல்லாம் விட்டுவிட்டுக் கேட்டேன். "டாக்டர், பக்கத்துல ஒட்டினாப்ல என் கட்டிலைப் போட்டுக்கலாமா? அவருக்கு ஒண்ணும் ஆகாதே?"

அவர் செருப்பை மாட்டிக்கொண்டே திரும்பிப் பார்த்தார். "அவரு பலகையில படுக்கணும், அவ்வளவுதான். பக்கத்துல நீங்க படுத்தா அவர் இடுப்புக்கு என்னம்மா? தனியா படுங்கன்னு நான் எப்பச் சொன்னேன்?"

எப்போதும் சொல்லவில்லை. யோசித்துப் பார்த்தேன், அவர் எப்போதும் சொல்லவில்லை. பதினோரு வருஷத்துக்கு முன்னால் இதே வாசலில் இந்தக் கேள்வியைக் கேட்டிருந்தாலும் இதே பதில்தான் கிடைத்திருக்கும். யாருமே போடாத ஒரு உத்தரவுக்கு நாங்கள் இரண்டு பேரும் இத்தனை காலம் கீழ்ப்படிந்து கிடந்திருக்கிறோம். கதவைச் சாத்திவிட்டு அங்கேயே உட்கார்ந்து, அந்தக் காலமெல்லாம் யாரிடம் போய்த் திரும்பக் கேட்பது என்று தெரியாமல் வாய்விட்டு அழுதேன்.

சாப்பாட்டுக்குப் பிறகு டிரைவரைக் கூப்பிட்டு மிச்சக் கட்டைகளையும் வைக்கச் சொன்னேன். அவர் என்ன நினைத்தாலும் நினைத்துக்கொள்ளட்டும். அவர் போனதும் என் கட்டிலைத் தள்ளி ஒட்டினேன். இவர் படுத்தபடியே ரசமட்டத்தைக் கேட்டு வாங்கிச் சேர்கிற இடத்தில் வைத்துப் பார்த்தார். "சரியா இருக்கு" என்றார். அவரை அசைக்க முடியாததால் விரிப்பை என் பக்கம் முழுக்க விரித்து, மிச்சத்தை அவர் காலோடு சேர்த்துச் செருகிவிட்டேன்.

நான் படுத்தேன். பழக்க தோஷம், சுவர்ப்பக்கம்தான் திரும்பினேன். பின்னால் போர்வையின் மூலை லேசாக அசைந்தது. முன்பெல்லாம் அசைவது தெரிந்ததே இல்லை. இந்தப் பக்கம் திரும்பினேன். அவர் கூரையைப் பார்த்தபடி படுத்திருந்தார், தலையைத் திருப்பக்கூட முடியாது. கை மட்டும் நீண்டிருந்தது. அந்தக் கை இவ்வளவு கிழடு தட்டிவிட்டது என்று எனக்கு அதுவரை தெரியாது. நரம்பெல்லாம் மேலே வந்து, நகமெல்லாம் மஞ்சளாகி, யாரோ பெரியவர் கை மாதிரி இருந்தது. நான் பார்க்காத நேரத்திலேயே அதற்கு வயதாகிப் போயிருந்தது.

"போர்வையை விடுங்க. நான்தான் இங்க இருக்கேனே" என்றேன்.

விட்டார். என் கையைக் கொடுத்தேன். கட்டை விரலால் அதையும் அதே மாதிரி தேய்த்துக்கொண்டிருந்தார். இரண்டு பேரும் அழுதோம். அழுதால் அவருக்கு இடுப்பு வலித்தது, அதனால் நான்தான் முதலில் நிறுத்தினேன்.